தீ இல்லாமல் புறப்பட்ட தீயணைப்பு வண்டி குறித்து

என் பெயரும் வீட்டு முகவரியும் மேலே எழுதப்பட்டுள்ளன. வயது நாற்பத்தாறு. இயற்பியல் பட்டதாரி. தீயணைப்பு நிலையக் கட்டுப்பாட்டறையில் பணிபுரிகிறேன். அப்படிச் சொல்லும் உரிமை இன்று காலைதான் திரும்பக் கிடைத்தது.

இன்று காலை அழைப்பு எதுவும் வராமலே எங்கள் வண்டி சைரனுடன் தெருவில் போனது பற்றி, எதிரே முடிதிருத்தகம் வைத்திருப்பவர் கொடுத்த புகாரில் காவல் நிலையத்தில் என்னை விசாரிக்கிறார்கள். புகார் வண்டி ஓட்டுநர்மீது மட்டும் உள்ளது. வழக்கானால், ஓய்வுபெறப் போகும் நேரத்தில் அவர் வேலை போய்விடும் என்பதை அறிந்தே சொல்கிறேன்.

இரண்டு ஆண்டுகளுக்கு முன் பாலத்துக்கு அப்பால் ஒரு மரக்கிடங்கு எரிந்தது. அது எங்கள் எல்லை அல்ல. பக்கத்து நிலைய வண்டி வேறிடம் போயிருந்ததால், அதிகாரியின் அனுமதிக்குக் காத்திராமல் எங்கள் வண்டியை அனுப்பினேன். தீயும் அணைந்தது, என் வேலையும் போனது. அதன் பிறகு நான் நீதிமன்றம் போனேன். குற்றம் சாட்டிய அதிகாரியே விசாரணையையும் நடத்தியது செல்லாது என்று நீதிமன்றம் பணிநீக்க உத்தரவை ரத்து செய்தது.

இன்று என் தங்கை நிலைய வாசல்வரை வந்தாள். "அக்கா, இனிமே தும்மல் வந்தாக்கூட சார்கிட்ட கேட்டுட்டுத் தும்மு" என்றாள். அதன் பிறகு நான் உள்ளே போனேன். அதே அதிகாரி எழுந்து நின்றார். அவரிடம் சொல்ல வழியெல்லாம் சில வாக்கியங்களைக் கூர்தீட்டிக்கொண்டு வந்திருந்தேன். அவர் என் நாற்காலியைத் தாமே இழுத்துப் போட்டதும், அவற்றை விட்டுவிட்டு உட்கார்ந்தேன். அதன் பிறகு, நான் பணியில் சேர்ந்ததாக அவர் கையெழுத்துப் போடத் தொடங்கினார்.

நிலையத்தார் எல்லோரும் சூழ்ந்து நின்றார்கள். ஓட்டுநர், "நீ மணி அடிச்சுக் கேட்டு எவ்வளவு நாளாச்சும்மா! சும்மா ஒரு தடவை அடியேன்" என்றார். எங்கள் நிலையத்தில் விட்டுவிட்டு அடித்தால் தேநீர், விடாமல் அடித்தால் தீ. நான் தேநீருக்குத்தான் அடிக்க நினைத்தேன். பொத்தானைத் தொட்ட விரலுக்கு எடுக்க மனம் வரவில்லை.

அதன் பிறகு, சும்மா அடிக்கிறேன் என்று தெரிந்தே நின்ற அத்தனை பேரும் ஓடினார்கள். அடிக்கச் சொன்ன ஓட்டுநர்தான் முதலில் ஏறினார். மணி அடித்தால் எங்கள் ஆட்களுக்கு மூளைக்கு முன் கால் போய்விடும். அறையில் நானும், மூடாத பேனாவும், சுழன்றுகொண்டிருந்த அதிகாரியின் நாற்காலியும்தான் மிச்சம்.

வண்டி தெருமுனையைத் தாண்டியதும் ஒலிபெருக்கியில், "கன்ட்ரோல், முகவரி சொல்லுங்க" என்று குரல் வந்தது. அது ஓட்டுநரின் குரல் அல்ல. நான், "எங்கயும் இல்ல சார், திரும்பி வாங்க" என்றேன். அதன் பிறகு வண்டி முழுக்கச் சிரிப்பு. அந்த அதிகாரி சிரித்து நான் கேட்டது இதுவே முதல் முறை.

சைரன் கேட்டு வாடிக்கையாளர் நுரை பூசிய முகத்துடன் ஓடிவிட்டார் என்பது புகார்தாரரின் குறை. அவர் ஒருபக்க மீசையோடு கடைக்குத் திரும்பியதை நானும் பார்த்தேன். புகாரில் அந்தப் பகுதி முற்றிலும் உண்மை.

யார் அனுமதியில் வண்டி போனது என்று கேட்டதற்குச் சொல்கிறேன். இதே கேள்விக்குத்தான் முன்பு என் வேலை போனது. சற்றுமுன் வெளியே பெஞ்சில், ஓட்டுநருக்குப் பக்கத்தில், தலைக்கவசத்தை மடியில் வைத்து உட்கார்ந்திருந்த அதிகாரியிடம் நானே இதைக் கேட்டேன். அவர், "முன் சீட்டுல நான்தானேம்மா உட்கார்ந்திருந்தேன்? என் அனுமதின்னே எழுதச் சொல்லு. நானும் வந்து சொல்றேன்" என்றார். ஓட்டுநர், "சார், இந்தத் தடவை விசாரணைய வேற யாராவது பண்ணட்டும்" என்றார்.

இதை எனக்குப் படித்துக் காட்டினார்கள். நான் சொன்னபடியே இருக்கிறது, சொன்னதெல்லாம் உண்மை. நடுவில் இரண்டொரு இடத்தில் நானும் எழுதியவரும் சிரித்தது மட்டும் இதில் பதிவாகவில்லை. கையொப்பத்துக்குக் கீழே பதவி எழுத வேண்டியதில்லை என்றார்கள். கேட்டு அனுமதி வாங்கி எழுதுகிறேன்.

(ஒப்பம்)
கட்டுப்பாட்டறைப் பணியாளர், தீயணைப்பு நிலையம்