நான்கு வாரம்

மீன் வளர்ப்பவர்களுக்கு முதலில் வேண்டியது பொறுமை, ஐயா. என் கூடத்துக் கண்ணாடித் தொட்டிக்கு ஒன்பது வயது. அதில் இருந்தவை ஒன்றோடொன்று பழகியவை. சண்டை சச்சரவு கிடையாது.

போன வருஷம் என் மகன் இரண்டு புது மீன் வாங்கிவந்து நேராக அதில் கொட்டினான். கொஞ்ச நாள் தனியே வைத்துப் பார்க்க வேண்டாமா என்று கேட்டேன்.

"மீன்தானேம்மா, பழகிடும்" என்று சிரித்தான்.

ஒரே வாரத்தில் எல்லா மீன் மேலும் வெள்ளைப் புள்ளி. பதினோரு மீனை என் கையால் அள்ளிப் புதைத்தேன். அன்றிலிருந்து புதிதாக எது வாசல்படி ஏறினாலும் எனக்கு நம்பிக்கை வராது.

இந்த வருஷம் அவன் ஒருத்தியைக் கல்யாணம் செய்து கூட்டிவந்தான். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. நல்ல பெண்தான், குறை சொல்ல மாட்டேன். ஆனால் இருமினாள். பத்தே நாளில் அவன் கப்பல் வேலைக்குக் கிளம்பிவிட்டான். ரெண்டு பேரும் நல்லாப் பழகிக்கங்க என்று சொல்லிவிட்டுத்தான் போனான்.

பழக்குவதற்கு ஒரு முறை இருக்கிறது. புது மீனை நான்கு வாரம் தனியே வைக்க வேண்டும். வெளிச்சம் ஆகாது. முதல் சில நாள் தீனியும் ஆகாது. நோய் இருந்தால் போகட்டும் என்று தண்ணீரில் கல்லுப்பு போடுவோம். எங்கள் பின்னறைக்கு ஜன்னல் கிடையாது, வசதியாகப் போயிற்று. துணி மடித்து வைக்க உள்ளே போனவளை வைத்துப் பூட்டினேன். அவள் போன் கூடத்தில் இருந்தது. உள்ளே வைத்த குடத்துத் தண்ணீரில் முன்பே உப்பைக் கரைத்து வைத்திருந்தேன்.

"அத்தை, ஒரே இருட்டா இருக்கு. பயமா இருக்கு, கதவத் திறங்க."

"பழகிடும்மா."

நான் அதட்டவில்லை. எனக்கும் பயமாகத்தான் இருந்தது. கதவுக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தேன். சாவியை முந்தானையில் முடிந்துகொண்டேன்.

மகன் போனில் கூப்பிட்டபோதெல்லாம் குளிக்கிறாள், தூங்குகிறாள் என்று சமாளித்தேன். ஐந்தாம் நாள் தட்டுவது நின்றது. புது மீனும் அப்படித்தான். முதலில் கண்ணாடியில் முட்டும், பிறகு மூலையில் போய் அடங்கிவிடும். எனக்கு மனசு லேசாயிற்று.

எட்டாம் நாள் வாடை வந்தது. நோய் கூடத்துக்குப் பரவிவிடக் கூடாதே என்று கதவிடுக்கில் ஈரத்துணியைச் சுருட்டி அடைத்தேன். திறக்கவில்லை, ஐயா. இன்னும் இருபது நாள் பாக்கி இருந்தது.