கோளாறு எதுவும் இல்லை

காலை ஆறு மணிக்கு முன்னால் யார் போன் செய்தாலும் எனக்குப் பிடிக்காது, சார். ஸ்ரீவராகத்து சுந்தரராமன் சாருக்கு அது தெரியும். தெரிந்துதான் செய்வார்.

ஆரியசாலையில் நான் கார் ஸ்கேனர் அடாப்டர் விற்கிறேன். ஸ்டியரிங்குக்குக் கீழே சொருகினால் வண்டியின் கோளாறை நம்பராகப் போனில் காட்டும். என் கெட்ட நேரம், அவருக்கும் ஒன்று விற்றேன்.

"வேலப்பா, இன்னிக்குப் புதுசா ஒரு நம்பர் காட்டறதே" என்பார். ஒவ்வொரு நம்பருக்கும் பழவங்காடிப் பிள்ளையாருக்கு ஒரு தேங்காய் வேறு. "வண்டிக்கு தினம் ஜுரம் பார்க்கறார். எனக்கு வந்தா கேக்க ஆளில்லை" என்று அவர் மனைவி கௌசல்யா மாமி கடையிலேயே சொல்லிச் சிரித்தார்.

ஏழு மாதம் பொறுத்தேன். பிறகு அப்டேட் என்று சொல்லி அடாப்டரை வாங்கி, அதற்குள் ஓடும் ஃபர்ம்வேர் என்ற புரோகிராமை மாற்றி எழுதினேன். வண்டி என்ன சொன்னாலும் 'கோளாறு எதுவும் இல்லை' என்று மட்டும் காட்டும். சின்ன வேலை, அரை நாள்கூட ஆகவில்லை.

பதினெட்டு நாள் போன் வரவில்லை. பிள்ளையாருக்கும் ஓய்வு. மனுஷருக்குத் தைரியம் வந்து, மாமியைப் பொன்முடி மலைக்குக் கூட்டிப்போகக் கிளம்பிவிட்டார். போகிற வழியில் கடைக்கு வந்தார்.

"டாஷ்போர்டில சிவப்பு விளக்கு எரியறது. ஆனா மெஷின் ஒண்ணுமில்லேங்கறது. எதை நம்பறது?"

அவர்கள் எதிரே காபி குடிக்கப் போன நேரத்தில் என்னுடைய நல்ல அடாப்டரைச் சொருகிப் பார்த்தேன். பிரேக் கோளாறு என்று காட்டியது. குனிந்து பார்த்தேன், பின்சக்கரத்தின் உட்பக்கம் பிரேக் ஆயில் கசிந்து ஈரமாக இருந்தது.

சொல்லியிருக்கலாம். சொன்னால் உன் மெஷின் ஏன் சொல்லவில்லை என்று கேட்பார். ஃபர்ம்வேர் கதை வெளியே வரும். மறுநாள் விடியுமுன் போன் அடிக்கும். அதை நினைத்தாலே எனக்கு எரிச்சலாக இருந்தது. விளக்கின் வயரைக் கழற்றிவிட்டேன்.

"மெஷினை நம்புங்க சாரே. பேடிக்காம, பயப்படாம போயிட்டு வாங்க" என்றேன்.

மாமி கை காட்டினார். நானும் காட்டினேன்.

விதுரா தாண்டி, மலை ஏறும்போது ஒன்றும் ஆகவில்லையாம். இறங்கும்போதுதான் பிரேக் பிடிக்கவில்லை; அவர் அங்கேயே போய்விட்டார். ஆஸ்பத்திரியில் மாமி பிழைத்து எழுந்தால் அவரும் இதையே சொல்வார்.

பிரேக் பிடிக்காது என்று தெரிந்துதான் அனுப்பினேன், மறைக்கவில்லை. ஆனால் அந்த மனுஷர் வாழ்க்கையில் முதல் தடவையாகப் பயமில்லாமல் வண்டி ஓட்டினார். அதற்கும் நான்தான் காரணம், அதையும் சேர்த்து வாக்குமூலத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.