அர்தவானின் குரல்

— முடியாதுன்னு ஒரே ஒரு வார்த்தை சொல்லிடுங்க, ஹெஷ்மத் அண்ணே. அவ்வளவுதான் கேக்குறேன்.

— கேளு தம்பி, டப்பிங் பேசிப் பொழைக்கிறவன் வீட்டுக்கே வந்து, டப்பிங் பேசாதேன்னு சொல்றே. முதல்ல டீயக் குடி.

— என் ஒரு படத்துக்கு மட்டும்தானே! இந்த அர்தவான் நடிச்சு, அர்தவானே தயாரிச்ச முதல் படம். அதுலயாவது அர்தவான் பேச வேணாமா?

— பதினெட்டு வருஷம், நாப்பத்தோரு படம். தெஹ்ரானுக்கு அர்தவான்னா என் தொண்டைதான்.

— அதான் வயித்தெரிச்சல்! போன வாரம் கபாப் கடையில ரெண்டு தட்டு கேட்டேன். கடைக்காரர் உத்துப் பார்த்துட்டு, “ஆளு அச்சு அசல் அவரேதான், குரல்தான் சேரல”ங்கிறார்.

— ஹா! அவர் சொன்னதுல என்ன தப்பு? உன் குரல் தகர டப்பாவுல கூழாங்கல்லு உருட்டுற மாதிரி இருக்கும்.

— இருக்கட்டுமே. இதுல நான் காஸ்பியன் கரை மீனவன். எங்கப்பா பேசின பேச்சு. உங்க பட்டுக் குரல்ல அவன் பேசினா மீன் வாசனையே வராது.

— விநியோகஸ்தர் என்ன சொல்றார்?

— ஹெஷ்மத் குரல்தான் வேணும்னு பிடிவாதமா நிக்கிறார். ஹெஷ்மத்தே முடியாதுன்னுட்டா, வேற வழியில்லாம என் குரலோட விடுவாராம்.

— வீட்டை வித்துத்தானே படம் எடுத்தே?

— ஆமா. இப்ப மாமனார் வீட்டு மாடியில குடித்தனம்.

— படம் விழுந்தா?

— விழாது.

— அடேங்கப்பா!

— நேத்து என் குரலோட ஒரு தடவை ஓட்டிப் பார்த்தோம். தரை துடைக்க வந்த அம்மா, வாளியக் கீழ வெச்சுட்டு கடைசிவரைக்கும் நின்னாங்க, அண்ணே.

— தெரியும். கடைசி வரிசையில நானும் இருந்தேன்.

— நீங்களா? எப்படி இருந்துச்சு?

— கேளு தம்பி, பதினெட்டு வருஷமா உன் உதட்டையே பார்த்துப் பேசினவன் நான். நேத்துதான் அதுல எனக்கு இடமில்லாமப் போச்சு.

— அப்ப முடியாதுன்னு சொல்லிடுவீங்களா?

— காலையிலேயே போன் பண்ணிச் சொல்லிட்டேன்.

— அண்ணே! கையக் குடுங்க! நௌரூஸ் புத்தாண்டு அன்னிக்கு லாலேஸார் தெருவுல படம் வருது, முதல் டிக்கெட் உங்களுக்குத்தான்.

— அன்னிக்கு எனக்கு வேற படம் இருக்கே. தூரஜுக்குப் பேசக் கையெழுத்துப் போட்டுட்டேன்.

— தூரஜா? எனக்குப் போட்டியா நிக்கிறவன்! அவன் படம் அதே தெருவுல, எதிர்த் தியேட்டர்லதானே வருது?

— அதேதான். நீ உன் முகத்தோட வா தம்பி. நான் உன் குரலோட வர்றேன்.