ஏறாதவர்கள் வெளியேறும் கதவு

மேடையில் அமர்ந்திருக்கும் பூங்கா மேலாளர் ஹாலன்பெக் அவர்களே, ஜெபம் சொல்லித் தொடங்கி வைத்த போதகர் அவர்களே, முதல் வரிசையில் கைக்குட்டையைக் கசக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் கேப்டன் வீட்டு ஓப்பல் அக்கா, என்னோடு வேலை செய்கிறவர்களே, உங்கள் எல்லாருக்கும் வணக்கம்.

என் பெயர் வெர்னா. நம் பூங்காவின் ராக்கெட் சவாரியில் வாந்தி துடைக்கிறவள். அதிகம் படித்ததில்லை. மேடையில் பேசியதும் இல்லை. ஆனாலும் நம் கேப்டன் ராய்ஸ் லாட்டிமோர் போய்விட்ட பிறகு நான் வாயை மூடிக்கொண்டு இருக்கலாமா? அவர் நமக்காகத் திறந்து வைத்த கதவை வருகிற திங்கட்கிழமை மூடப் போகிறார்கள். அதைப் பேசத்தான் வந்தேன்.

கேப்டன் என்று பெயர் வைத்தது நாம்தான். அவர் விமானம் ஓட்டியவர் இல்லை. சவாரியை இயக்கியவர். கடற்கரைப் பக்கம் நிஜ ராக்கெட் கிளம்பும்போது நம் வரிசையில் நிற்கும் கூட்டம் மொத்தமும் அண்ணாந்து பார்க்கும். "அது எப்ப திரும்புமோ யாருக்குத் தெரியும்? நம்மளுது மதியச் சாப்பாட்டுக்குள்ள இறக்கி விட்டுரும், வாங்க" என்பார்.

நம் சவாரி எங்கேயும் போவதில்லை. நின்ற இடத்தில் சுற்றுகிறது. சுற்றுகிற வேகத்தில் நெஞ்சின் மேல் ஆள் ஏறி உட்கார்ந்த மாதிரி இருக்கும், கன்னம் காதுப் பக்கம் ஒதுங்கும். ஏறி உட்காரும் கலத்தின் வாசல் வரை வந்துவிட்டுப் பயந்து நிற்பவர்கள் தினமும் உண்டு. முன்பெல்லாம் அவர்கள் வந்த வரிசையிலேயே திரும்ப வேண்டும். அத்தனை பேரும் கேலி செய்வார்கள். கேப்டன் பழைய மேலாளரிடம் சண்டை போட்டு, ஏறியவர்கள் இறங்கிப் போகும் கதவையே ஏறாதவர்களுக்கும் திறந்து விட்டார். ராக்கெட் படம் போட்ட வில்லையை அவர்கள் சட்டையிலும் குத்தி அனுப்புவார். யார் ஏறினார், யார் ஏறவில்லை என்று வெளியே காத்திருப்பவர்களுக்குத் தெரியாது.

நம்மோடு வேலை செய்யும் டெஸ்மண்ட் ஒரு நாள் கேட்டான், ஏறாதவனுக்கு எதற்கு வில்லை என்று. கேப்டன் சொன்னார்: "அவன்தாம்ப்பா வேணாம்னு முடிவெடுத்தான். ஏறினவன் என்னத்த முடிவெடுத்தான்? சுத்தி விட்டது நாமதானே."

காலையில் முதல் சுற்று வேலைக்காரர்களுக்கு. நாமே ஏறிப் பார்த்த பிறகுதான் வெளியாட்களை ஏற்றுவோம். அது நம் வழக்கம். நெஞ்சு நோய் உள்ளவர், கழுத்து வலி உள்ளவர், பிள்ளை சுமப்பவர் ஏறக் கூடாது என்று நாள் முழுக்க மற்றவர்களுக்குச் சொல்கிறோமே, அது நமக்கும் சேர்த்துத்தான் என்று நம்மில் ஒருவருக்காவது தோன்றியதா? தோன்றவில்லை.

ஒரு காலை எல்லாரும் வார் மாட்டி உட்கார்ந்திருந்தோம். கேப்டன் கலத்தின் வாசலில் நின்றுவிட்டார்.

"என்ன கேப்டன், அக்கா சமையல் வயித்தக் கலக்குதா?" என்றான் டெஸ்மண்ட்.

"நெஞ்சு சரியில்லையாம், டாக்டர் வேணாம்னுட்டாரு. நான் ஏறல."

அவ்வளவுதான் சொன்னார். சொல்லிவிட்டு அந்தக் கதவைப் பார்த்து நடந்தார். டெஸ்மண்ட் சிரித்தான், நானும் சிரித்தேன். அப்போது என் பக்கத்தில் இருந்த யாதிரா கூப்பிட்டாள்.

"கேப்டன், என்னையும் அவுத்து விடுங்க."

பிள்ளை உண்டாகியிருந்ததை அவள் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் வேலையை விட்டு நிறுத்திவிடுவார்கள் என்று பயம். கேப்டன் திரும்பி வந்தார், ஒன்றும் கேட்கவில்லை, வாரை அவிழ்த்தார், இரண்டு பேரும் ஒன்றாக வெளியே போனார்கள். மறுநாளிலிருந்து அவளுக்கு நுழைவாயிலில் வேலை வாங்கிக் கொடுத்தார். அந்தப் பிள்ளைதான் இதோ பின்னால் பெஞ்சை உதைத்துக்கொண்டிருக்கிறான்.

போன ஞாயிறு ஆராதனை முடிந்து வந்து நாற்காலியில் சாய்ந்தவர் எழுந்திருக்கவில்லை. அவரைப் போல் இனி யார் நம்மை இறக்கி விடுவார்?

ஹாலன்பெக் அய்யா, உங்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. அந்த இடத்தில் புகைப்படக் கடை வைக்க வேண்டும் என்கிறீர்கள். ஏறாதவர்கள் வந்த வழியே திரும்பட்டும் என்கிறீர்கள். அன்றைக்கு அந்த ஒரு வழிதான் இருந்திருந்தால் யாதிரா வாயைத் திறந்திருப்பாளா?

நாளைக் காலை முதல் சுற்றில் கேப்டன் நினைவாக எல்லாரும் ஏறுவது என்று பேசி வைத்திருக்கிறீர்கள். ஏறுங்கள், அவருக்கும் பிடிக்கும். நான் கலம் வரைக்கும் உங்களோடு வருவேன், ஏற மாட்டேன், அந்தக் கதவு வழியாகப் போவேன். ஓப்பல் அக்காவும் யாதிராவும் என்னோடு வருகிறார்கள். திங்கட்கிழமையும் அப்படித்தான் வருவேன்.

கதவு பூட்டியிருந்தால் அங்கேயே நிற்பேன். ஏறும் தளத்தில் ஒரே ஒரு ஆள் நின்றாலும் சவாரியைச் சுற்ற விடக் கூடாது. நம் சட்டம் அது.