பல் முரசுக்குக் காவல்

இல்ல டொக்டர் புள்ள, என்ட வாயப் பாக்க வேணாம். என்ட பல்லுல பாக்கிறதுக்கு என்ன இரிக்கி? பாதி வெத்திலையோட போச்சி, மீதி புள்ளையளப் பெத்ததோட போச்சி. அந்தக் கதிரையில நான் ஏற மாட்டன், இந்த மர வாங்குல இரிக்கிறது எனக்குப் போதும். நான் வந்தது இந்தப் போத்தலுக்கு. இதுல எழுதியிருக்கிறதுக்குக் கருத்து என்ன, எப்பிடிப் பாவிக்கிற, அத மட்டும் சொல்லுங்க. எழும்பிப் போயிருவன்.

போத்தல் ஜித்தாவுல இரிந்து வந்த. மருமகன் ஷரிபுதீன் அங்க கட்டட வேல. என்ட மகள் றாஹிலா, பல்லடி முரசு வீங்கி ரெத்தம் வருது எண்டு காயிதத்துல ஒரு வரி போட்டுட்டா போல. அந்தப் பொடியன் பதறிப்போய் மருந்துக் கடையில இத வாங்கி, ஊருக்கு வந்த ஆளுக்கிட்டக் குடுத்து உட்டிரிக்கார். நல்ல பொடியன்தான். ஆனா எப்பிடிப் பாவிக்கிற எண்டு ஒரு எழுத்து எழுதல்ல. ஆம்புளையள்ற புத்தி அவ்வளவுதான்.

ஓம், அவ வந்திரிக்கா. அந்தா வெளியில, கதவுக்கு அங்கால, முக்காட்டால வாயப் பொத்திக்கிட்டு இரிக்கா பாருங்க. கொஞ்சம் இரிங்க, கூப்புட வேணாம். முதல்ல எனக்கு விளங்கணும்.

இந்தப் பக்கம் அறபெழுத்து. நான் குர்ஆன் முப்பது ஜுஸ்உம் ஓதி முடிச்சவதான், ஆனா இதுல எழுத்துக்கு மேல கீழ போடுற சேர் குறியும் இல்ல சபர் குறியும் இல்ல, மொட்டயாக் கிடக்கு. வாய்க்கி வரல்ல. பள்ளிவாசல் லெவ்வையிட்டக் கொண்டு காட்டினன். அவருக்கும் அவ்வளவாத் தெரியா, தெரியா எண்டு சொல்லவும் மாட்டார். கண்ணாடியக் கழட்டிப் போட்டுப் பாத்திட்டு, இது நெருப்புப் பத்துற சீக்கு எண்டார். முரசுல நெருப்பு. எனக்கு அண்டைக்கிச் சோறு இறங்கல்ல. மறுபக்கம் இங்கிலீசு. அடுத்த வளவு ஸ்கூல் மிஸ்தான் அன்டிஜிஞ்சிவைட்டிஸ் எண்டு வாசிச்சிக் காட்டினா. கருத்தென்னகா எண்டு கேட்டா நெளியுறா. கல்முனைக்கிப் போய்ப் பல் டொக்டர்ட்டக் கேளுங்க எண்டா.

ஆ. முரசு அழற்சி வராமத் தடுக்கிறது. அழற்சி எண்டா நீங்களும் நெருப்பத்தானே சொல்றீங்க. அப்ப லெவ்வை பொய் சொல்லல்ல. சரி, வராமத் தடுக்கிறது எண்டா, வந்ததுக்குப் பொறகு? வந்ததும் வத்துமா? மூடியில ஊத்தி, தண்ணி கலந்து, கொப்புளிச்சித் துப்பிற. முழுங்கப் படாது. அவ்வளவுதானா? ஓதிப் பாக்கிற மாதிரி ஒண்டுமில்லயா?

மகளுக்கு எட்டாம் மாசம். ஓம், இப்ப எட்டு. தலப்புள்ள. ஏழுலதான் இந்த ரெத்தம் துவங்கின.

சிரிக்கிறீங்க என்ன? வகுத்துல புள்ள இரிக்கக்குள்ள முரசு வீங்குறது வழமையாமா? புள்ள பொறந்தா வத்திருமாமா? மருத்துவிச்சியும் இதையேதான் சொன்னா. எல்லாரும் ஒரு வாயால கதைக்கிறீங்க. எனக்குக் கோவந்தான் வருது டொக்டர் புள்ள, குறை நினைக்காதீங்க. நீங்க படிச்சவ. நான் பாத்தவ.

எங்க பாத்தனா? நான் ஆரெண்டு தெரியாமத்தான் என்ன இவ்வளவு கிட்டத்துல இரிக்க உட்டிரிக்கீங்க. சாய்ந்தமருதுல மைமூனா எண்டு கேட்டுப் பாருங்க. பொம்புள மவுத்தானா குளுப்பாட்டுறது நான்தான். ஓம், உசிர் போன உடம்ப, மையத்தக் குளுப்பாட்டுற. உங்கட ஆக்கள்ளயும் குளுப்பாட்டுவாங்கதானே. எங்கள்ள அதுக்கெண்டு ஒரு முற இரிக்கி. முதல்ல தொழப் போறவங்க கை கால் கழுவி ஒழுச் செய்யிற மாதிரி செய்யணும். இந்த இடக்கை விரல்ல துணியச் சுத்தி, நனச்சி, உதட்ட மெல்ல ஒதுக்கி, பல்லையும் முரசையும் துடைக்கணும். பல்லத் தொறக்கப் படாது. தொறக்காமலே எனக்கு எல்லாம் விளங்கும். நீங்க கதிரையில வெச்சி, லைட்டப் போட்டு, ஆ எண்டு சொல்லச் சொல்லிப் பாக்கிறீங்க. எனக்கு ஆரும் ஆ எண்டு சொல்றல்ல.

அங்க கண்டத வெளியில கதைக்கப் படாது. அது நம்பி ஒப்படைச்ச அமானிதம். அதனால பேரு கேக்காதீங்க, ஊரு கேக்காதீங்க. ஆனா இத மட்டும் சொல்றன். புள்ளப் பேத்துல மவுத்தானவள் ஆராயிருந்தாலும், நான் துடைச்ச வாயெல்லாம் ஒரே வாய்தான். முரசு சாவல்ற கொண்ட மாதிரித் தடிச்சி, துணி பட்ட இடமெல்லாம் சிவக்கும். கெழவியளுக்கு அப்பிடி இல்ல. காச்சல்ல போனவளுக்கு இல்ல. புள்ளத்தாச்சிக்கு மட்டுந்தான். புள்ளப் பேத்துல மவுத்தானா, மார்க்கத்துக்காக உசிர் குடுத்த ஷஹீதுட நன்மையாம். பள்ளி பயான்ல கேட்டா நல்லாத்தான் இரிக்கும். கிடத்தி வெச்சிருக்கிற இருவது வயசுப் பொடிச்சிட முகத்தப் பாத்துக்கிட்டு அத நினைக்க ஏலா.

ஓம், ஓம், விளங்குது. இப்பிடி முரசோட எத்தினையோ பேர் புள்ளயப் பெத்துட்டுச் சொகமாப் போறாங்க எண்டு சொல்றீங்க. அவங்க உங்கள்ட்ட வாறாங்க டொக்டர் புள்ள. என்ட்ட வாறல்ல. என்னக் கண்டா புள்ளத்தாச்சியள் ரோட்டுக்கு அந்தப் பக்கம் போவாளுகள். கலியாண ஊட்டுல நான் போய் இரிந்தா, பக்கத்துல இரிந்தவள் ஒழும்பி அங்கால போவாள். கூடாத பொம்புள எண்டில்ல, கை ராசி சரியில்லயாம். அவளுகள் மவுத்தானா அதே கைதான் வேணும், அது வேற கதை. உசிரோட இரிக்கிற புள்ளத்தாச்சி ஒருத்தியும் எனக்கு முன்னால வாயத் தொறந்து சிரிச்சதே இல்ல. மறுகா நான் எதப் பாத்து நம்புற?

சொல்லப் போனா இவளும் அப்பிடித்தான். பெத்த மகள், எனக்கு வாயக் காட்ட மாட்டாளாம். ஏன் உம்மா என்ட வாயவே பாக்கிறீங்க எண்டு ஒரு நாளைக்கிக் கேட்டுட்டா. நான் என்னத்தச் சொல்ற? இப்ப சுபஹுத் தொழுகைக்கு ஒழும்பி, அவ பல்லுத் தீட்டிப் போன பொறகு கிணத்தடிக்கிப் போய்ப் பாக்கிறன். எங்கட வளவு வெள்ள மணல். துப்பின இடம் சிவந்து கிடக்கும். காலால மணல ஒதுக்கி மூடிட்டு, ஊட்டுக்குள்ள வந்து தேத்தண்ணி ஊத்துவன். எத்தின கரண்டி சீனி எண்டு எண்ண மறந்திருவன். சீனி கூடிருச்சி உம்மா எண்டு அவ சொல்லுவா.

ஒண்டச் சொல்றன், கேளுங்க. புயலடிச்ச வருஷம், எழுவத்தெட்டு. நீங்க அப்ப பேராதனையில படிச்சிக்கிட்டு இரிந்திருப்பீங்க. இஞ்ச தென்னையெல்லாம் முறிஞ்சி, ஓடெல்லாம் பறந்து, மனிசர் கட்டிலுக்குக் கீழ படுத்துக் கிடந்த. அந்தக் காத்துக்குள்ள ஒரு பொடிச்சிக்கிப் புள்ளப் பேத்து நோ துவங்கிட்டு. அவளுக்கும் தலப்புள்ள. அவளுக்கும் மாசக் கணக்கா முரசால ரெத்தம். உப்பும் கரியும் போட்டுத் தீட்டு, எல்லாம் சரியாகும் எண்டு ஊட்டுல சொல்லியிரிக்காங்க. அவளும் தீட்டினா. புருஷன்காரன் கார் தேடி ஓடினான். எந்தக் கார் வாற? கல்முனை ரோட்டுல மரத்துக்கு மேல மரம். மருத்துவிச்சி இடுப்பளவு தண்ணிக்குள்ள நடந்து வந்து சேரக்குள்ள எல்லாம் முடிஞ்சிட்டு. புள்ளயும் வெளியில வரல்ல.

விடிஞ்சி காத்து ஓஞ்ச பொறகு குளுப்பாட்டின. கூர இல்லாத ஊடு, நாலு பக்கமும் சீலையப் பிடிச்சி மறப்புக் கட்டி, மேலயும் ஒரு சீலை. கிணத்துல தென்னோலையும் செத்த கோழியும் மிதந்த. தண்ணிய வடிச்சி வடிச்சி எடுத்த. மையத்தச் சுத்துற கபன் சீலைக்கிக் கடையில்ல. மருதமுனை ஆக்கள் தறியில நெய்து வெச்சிருந்த வெள்ளத் துணிய நனையாமக் கொண்டாந்து தந்தாங்க, அல்லா அவங்களுக்கு நல்லது செய்யட்டும். நான் விரல்ல துணியச் சுத்தினன். துடைச்சன். சிவப்பு. துணிய மாத்தித் துடைச்சன். மறுகாவும் சிவப்பு. ரெத்தம் ஓடுறது நிண்டு போன உடம்பு டொக்டர் புள்ள, முரசு மட்டும் நிக்கல்ல. எனக்குப் பக்கத்துல தண்ணி ஊத்தினவள், போதும் ராத்தா, உடுங்க எண்டா. வெள்ளயா வாற வரைக்கும் நான் உடல்ல.

உம்மாவா? இரிந்தா. உம்மா இரிந்து என்ன செய்ற.

நீங்க சொல்றது சரிதான். அவள் போனது முரசால இல்ல, ரெத்தப் போக்கால. ரோட்டுத் தொறந்திருந்தா ஆசுபத்திரிக்கிக் கொண்டு வந்திருக்கலாம். இப்ப றாஹிலாவ நோ வாறதுக்கு முன்னயே இஞ்ச கொண்டாந்து வாட்டுல வெச்சிக்கிரலாம். எல்லாம் விளங்குது, நான் மொக்கச்சி இல்ல. ஆனா இஞ்ச இரிந்து விளங்குறது வேற, விடியக்குள்ள அந்த மணலப் பாக்கக்குள்ள வாறது வேற. அப்ப இந்த மருந்து முரசுக்குத்தான் காவலா? உசிருக்கு இல்லயா? நான் இவ்வளவு நாளும் உசிருக்கு எண்டுதான் நினைச்சி, நபிக்கு ஸலவாத்துச் சொல்லிச் சொல்லி இந்தப் போத்தலப் பொத்தி வெச்சிருந்த.

என்னயாம்? நீங்களும் புள்ளத்தாச்சியா?

அல்லாவே. இந்த வெள்ளக் கோட்டுக்குள்ள ஒண்டும் விளங்கல்லயே. எத்தின மாசம்? ஆறா? நான் இவ்வளவு நேரமும் மவுத்தையும் மையத்தையும் கதைச்சிக்கிட்டு இரிக்கன், நீங்களும் கேட்டுக்கிட்டு இரிக்கீங்க. எழும்பிப் போ எண்டு சொல்லியிருக்கலாமே. உங்கட மாமி கேள்விப்பட்டா என்னக் கல்லால எறிவா.

உங்கட முரசயா? எனக்கா காட்டப் போறீங்க? வேணாம் புள்ள. பயமில்லயா உங்களுக்கு? இந்தக் கை என்ன கை எண்டு சொன்னன்தானே. சவுக்காரம் போட்டுக் கழுவிட்டு வரச் சொல்றீங்க. அது மட்டுந்தானா உங்களுக்கு? சரி. கழுவுறன். நல்லாக் கழுவுறன்.

இப்பிடி லைட்டுக்குக் கிட்ட வாங்க. பிஸ்மில்லா. ஆ எண்டு சொல்லுங்க.

ஓம். இந்தப் பக்கமும் அப்பிடித்தான். தடிச்சி, சிவந்து. பல்லுக்கும் பல்லுக்கும் இடையில மொட்டு மொட்டா. துணியால ஒருக்கா ஒத்திப் பாக்கட்டா? நோகாது, மெல்லத்தான் வெப்பன். அந்தா, பாருங்க, வருது. அதே சிவப்பு. உங்களுக்கும் வருதே புள்ள. இதோட நீங்க காலையில சோத்தத் திண்டுட்டு, பஸ் ஏறி வந்து, ஊராக்கள்ற பல்லப் பாத்துக்கிட்டு இரிக்கீங்க.

உங்கட மூச்சு என்ட விரல்ல படுது. சூடா. எனக்கு இது பழக்கமில்ல. நான் அழல்ல, ஒண்டுமில்ல, நீங்க வாய மூடிராதீங்க, இன்னும் கொஞ்ச நேரம் பாத்துக்கிர்றன். இந்த மேல் முரசு, முன்பல்லுக்கு மேல, அச்சா றபீக்காட மாதிரியே இரிக்கி.

றபீக்கா ஆரா?

அந்தப் புயலுக்குள்ள குளுப்பாட்டின எண்டு சொன்னன் பாருங்க, அந்தப் பொடிச்சி. என்ட மூத்தவ. உப்பும் கரியும் போட்டுத் தீட்டச் சொன்ன உம்மா நான்தான். உம்மா இரிக்கக்குள்ள வேற ஆர்ட கையும் முதல்ல படப் படாது, அதனாலதான் அண்டைக்கி நான் குளுப்பாட்ட இறங்கின. வெளியில இரிக்கிறவ அவட தங்கச்சி. எனக்கு இனி இவ ஒருத்திதான் இரிக்கா. இவள என்னால குளுப்பாட்ட ஏலா டொக்டர் புள்ள. அதுக்காகத்தான் வந்த.

நான் அங்கால நிக்கன். அவளக் கூப்புட்டு, எனக்குக் காட்டின மாதிரி அவளுக்கும் உங்கட முரசக் காட்டுங்க.