தலைவர் தாங்கிய நடிகை

இவ்வளவு நாள் வாயை மூடிக்கொண்டு இருந்துவிட்டேன், சங்கத்து நண்பர்களே. ஆண்டு விழாவில் நான் எழுந்ததும் மைக்கை அணைத்தீர்கள். சரி... மைக் இல்லாமலே பேசுகிறேன். ஒரு கதை சொல்கிறேன். சின்னதுதான்... பயப்படாதீர்கள்.

பக்கத்து ஊரிலும் நம்மைப் போல ஒரு திரைப்படச் சங்கம். ரெஜினா என்ற நடிகையைப் பாராட்டக் கூப்பிட்டார்கள். நண்பர்கள் கைக்காசு போட்டு எடுக்கும் சின்னப் படங்களில் நடிப்பவள். அதற்கு முன் 'செத்த கருவாடு' என்ற மெட்டல் இசைக்குழுவில் பாடியவள். பாட்டா அது? லாரி பிரேக் அடிப்பது போல ஒரு கத்தல்! அந்தக் கச்சேரிகளில் ஒரு வழக்கம். கடைசிப் பாட்டு முடிந்ததும், பாடியவர் கூட்டத்துக்கு முதுகைக் காட்டி, மேடையிலிருந்து அப்படியே சாய்வார். கீழே இருப்பவர்கள் கையை உயர்த்தித் தாங்குவார்கள். அவர்களுக்கு அதுதான் நன்றியுரை.

சங்கத் தலைவர் வன்னியபெருமாள் தியேட்டர் முதலாளி. ரெஜினாவின் படத்தை வேறு எந்தத் தியேட்டரும் எடுக்கவில்லை. அதனால் இயக்குநர் சேது அவள் காதில் கெஞ்சினான்.

"தாயே, இங்க மட்டும் கத்திடாத. இவரை விட்டா நமக்கு நாதியில்ல."

"கத்தவே மாட்டேன்டா. சத்தியமா."

கத்தினாளா? கத்தவில்லை! தலைவர் பொன்னாடை போர்த்திவிட்டு, கீழே முதல் வரிசையில் போய் உட்கார்ந்தார். "எல்லாருக்கும் வணக்கம், ரொம்ப சந்தோஷம்" என்று பூனைக்குட்டி மாதிரிப் பேசினாள். அப்புறம்... திரும்பினாள்... கையை விரித்தாள்... சாய்ந்தாள்!

முதல் வரிசை தாங்கியதா? செயலாளர், பொருளாளர், புரவலர்... நாற்காலியோடு நகர்ந்தார்கள் ஐயா! "யோவ், தள்ளுய்யா! தள்ளுய்யா!" தலைவரும் ஓடத்தான் பார்த்தார். ஆனால் அன்று அவருக்கும் வரிசையாகப் பொன்னாடைகள் போர்த்தியிருந்தார்கள். ஒன்று நாற்காலிக் காலில் சிக்கிக்கொண்டது. எழுந்தார்... இழுத்தது... "ஐயோ" என்று கையை விரித்தார்... அதில் வந்து விழுந்தாள் ரெஜினா.

"சூப்பர் சார்! முதல் தடவையிலயே புடிச்சிட்டீங்களே!" என்றாள், படுத்தபடியே.

கைதட்டல்! கேமராக்கள்! தலைவர் மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னார்: "கலையைத் தாங்குறது... என் கடமைம்மா."

மறுநாள் ஊரெல்லாம் ஃப்ளெக்ஸ்: 'கலையைத் தாங்கிய கரங்களே!' அதற்கப்புறம் படத்தைத் தட்டிக்கழிக்க முடியுமா அவரால்? ஒரு வாரம் ஓட்டினார்.

இதில் என்ன தெரிகிறது? தாங்கினவர் என்று பெயர் வாங்கியவர்களில் பாதிப்பேர், ஓட முடியாமல் மாட்டிக்கொண்டவர்கள். மாட்டிக்கொண்டவரையாவது நான் மதிக்கிறேன். நீங்கள்? போன மாதத் தேர்தலில், இத்தனை வருடம் செயலாளராக இருந்த நான் விழுந்தபோது, ஒருவருக்காவது வேட்டி நுனி எதிலாவது மாட்டியதா? என்ன லாகவமாக நகர்ந்தீர்கள்!

இதை நம் முகநூல் குழுவில் பெயர் போடாமல் பதிவிடுகிறேன். யார் எழுதியது என்று உங்களுக்குத் தெரிந்துவிடும். தெரியட்டும். நீங்கள் படித்துக்கூடப் பார்க்காத தீர்மானங்களுக்கெல்லாம் கையெழுத்துப் போட்டுக் கை ஓய்ந்துவிட்டது. இனி உங்களுக்கு என் கையெழுத்துக் கிடையாது.