ஒரு பிள்ளை, ஒரு பதிவு

நேரமிருந்தால் முதலில் இருந்தே விளங்கப்படுத்துகிறேன், ஐயா. பதிவு வேலை வெளியே இருந்து பார்ப்பவருக்குச் சலிப்பானது. உள்ளே போனால் அழகானது.

2007இல் போரால் யாழ்ப்பாணத்தை விட்டு வெளியேறும் தரைப்பாதை பூட்டிக் கிடந்தது. எங்களிடம் வந்த நோயாளிப் பிள்ளைகளுக்குக் கொழும்பு போகக் கப்பல்தான் வழி. ஒரு தடவைக்கு நாற்பது இடம். எங்கள் தொண்டு நிறுவனத்துக்காக இணையத்தில் இயங்கும் பதிவுமுறையை நான்தான் எழுதினேன். எங்கள் இரண்டு அலுவலகங்களான வேலணைக் கந்தோரும் யாழ்ப்பாணக் கந்தோரும் ஒரே தரவுத்தளத்தில் பதிந்தன.

முதல் மாதம் ஒரே பிள்ளைக்கு இரண்டு இடம் போய்விட்டது. எழுதுவதற்கு முன் இந்தப் பிள்ளை இருக்கிறதா என்று நிரல் தேடும். வேலணையில் தேடும்போது இல்லை; அதே நொடியில் யாழ்ப்பாணத்தில் தேடும்போதும் இல்லை. இரண்டு பக்கமும் எழுதிவிடும். ஆகவே தேடுவதோடு விடக் கூடாது. தரவுத்தள அட்டவணைக்குள்ளேயே விதியை வைக்க வேண்டும். இரண்டாவதாக வருவதை அது எழுத விடாது.

எதை வைத்து ஒரே பிள்ளை என்று அறிவது? பெயர் உதவாது. ஊர்காவற்றுறையில் ஒரு பிள்ளைக்கு ஞானஸ்நானப் பெயர் ஒன்று, பிறப்புப் பத்திரத்தில் ஒன்று, வீட்டில் ஒன்று. பெயரை விட்டுவிட்டுத் தகப்பன் பெயர், தாய் பெயர், பிறந்த திகதி மூன்றையும் சேர்த்தேன். அதன்பின் நான்கு மாதம் ஓர் இரட்டைப் பதிவுகூட இல்லை.

அப்போதுதான் கடற்றொழிலாளி பிலிப்புவின் மனைவி மேரிஜோசப்பின் தன் இரண்டு மகள்களோடு வந்தார். ஏழு வயது இரட்டையர்; இருவருக்கும் இருதயத்தில் ஓட்டை. நிமலினி பதிவானாள். ஜெயந்தாவைப் பதிவுமுறை மறுத்தது.

"அக்கா, இந்தப் பிள்ளை ஏற்கெனவே பதிஞ்சாச்செண்டு சொல்லுது."

"அது நிமலினி. இது ஜெயந்தா."

"தேப்பன், தாய், திகதி எல்லாம் ஒண்டு. மிசின் ஒரு பிள்ளையெண்டுதான் பாக்கும்."

"மிசின் எப்பிடியும் பாக்கட்டும். நீர் பாரும் தம்பி, ரெண்டும் உம்மட மேசையிலதானே சாஞ்சு நிக்குது."

"எனக்கும் ஒண்டு மாதிரித்தான் கிடக்கு."

"பகிடி விடாதையும். இவளுக்கு முன்பல்லு இல்லை."

பல்லுக்கு அட்டவணையில் இடமில்லை என்பதைப் பொறுமையாக விளங்கப்படுத்தினேன். அவரும் பொறுமையாகக் கேட்டார்.

"அப்ப எந்தப் பிள்ளையைக் கொண்டுபோறது?"

பதிந்த பிள்ளையைத்தான், மற்றவளைப் பதிய ஏலாது என்றேன்.

ஏலாது என்று நான் அவரிடம் சொன்னது முழுதும் சரியல்ல. விதியை நீக்க ஒரு வரி போதும். அவர் வாசற் படலையைத் தாண்டுவதற்குள் அதை எழுதியும் விட்டேன், இயக்கவில்லை. இயக்கியிருந்தால் வெள்ளிக்கிழமை அறிக்கையில் இரட்டைப் பதிவு பூச்சியம் என்று உறுதியாகப் போட்டிருக்க முடியாது. உங்கள் கேள்விக்குப் பதில், ஆம், அறிந்துதான் செய்தேன். தாய் நிமலினியோடு ஏறினார். அந்தக் கப்பலில் மூன்று இடங்கள் வெறுமையாகவே போயின. தகப்பனோடு நின்ற ஜெயந்தா பதினாறாம் நாள் இறந்தாள்.

ஆனால் உங்கள் விசாரணைக் குறிப்பில் திருந்தாதவன் என்று மட்டும் எழுதாதீர்கள். செத்தவீட்டிலிருந்து வந்த உடனேயே விதியில் பிறந்த ஒழுங்கையும் சேர்த்தேன்: முதற்பிள்ளை, இரண்டாம் பிள்ளை. வேலை செய்கிறதா என்று ஜெயந்தாவின் விவரங்களையே கொடுத்துப் பார்த்தேன். ஒரு பிழையும் காட்டவில்லை. அடுத்த கப்பலில் அவளுக்கு முதல் இடம் கிடைத்தது.